வழிப்பறி கேஸ் அப்பீல்: ஆள் அடையாளம், தண்டனை ரெண்டையும் எந்த வரிசையில பாக்கணும் – முழுமையான வழிகாட்டி

வழிப்பறி கேஸ்ல கீழ்க்கோர்ட்ல தண்டனை ஆகி, அப்பீல் போடச் சொல்லி கட்டு கையில வந்ததும் புதுசா வர்ற ஜூனியர்ஸ் எல்லாரும் ஒரே மாதிரிதான் ஆரம்பிக்கிறாங்க, தீர்ப்பை எடுத்து வெச்சுக்கிட்டு பாரா பாராவா தப்பு தேடுறாங்க, கடைசியில "தண்டனை அதிகம், குறைக்கணும்"னு ஒரு வரி சேர்த்து டைப் அடிக்க குடுத்துடுறாங்க. அப்படி போட்ட அப்பீல் பெரும்பாலும் நிக்கிறதில்ல.

இந்த மாதிரி அப்பீல்ல கேள்வி ரெண்டு. அந்த ஆள் அங்க இருந்தானா? இருந்திருந்தா என்ன செஞ்சான், கத்தி யார் கையில இருந்துச்சு? முதல் கேள்வி ஜெயிச்சா விடுதலை. ரெண்டாவது ஜெயிச்சா குறைஞ்சபட்சம் ஏழு வருஷம்ங்கிற பூட்டு கழண்டுடும். ரெண்டுமே ஆள் அடையாளக் கேள்விதான், ஆனா ரெண்டாவதை அப்படி யாரும் பாக்குறதே இல்ல, அதை தண்டனைப் பக்கம் தள்ளிவிட்டு கருணை கேக்கப் போயிடுறாங்க.

பேசறதுக்கு வசதியா கற்பனையா ஒரு கேஸ் வெச்சுக்குவோம். ராத்திரி ஒன்பதரை மணி, தனியா நடந்து வர்ற ஒரு அம்மா, பைக்ல மூணு பேர். ஒருத்தன் கத்தி காட்டுறான், ஒருத்தன் செயினை அறுக்குறான், ஒருத்தன் வண்டியை விட்டு இறங்கவே இல்ல. மூணு பேருக்கும் ஐபிசி (பழைய தண்டனைச் சட்டம்) 392 ரெட் வித் 397ல, அதாவது வழிப்பறிக்கான 392ஓட ஆயுதம் பயன்படுத்துனா குறைஞ்சபட்சம் ஏழு வருஷம்னு சொல்ற 397ஐயும் சேர்த்து, ஏழேழு வருஷம்.

1. முதல்ல சேர்க்க வேண்டிய பேப்பர்கள்

தீர்ப்பும் சாட்சியங்களும் மட்டும் போதாது. கண்டிப்பா வேணும்ங்கிறது: எஃப்ஐஆர், அது மாஜிஸ்ட்ரேட் கையில எந்த தேதி எத்தனை மணிக்கு சேர்ந்துச்சுங்கிற குறிப்பு, பார்வை மகஜர் (சம்பவ இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதுனது), மாதிரி வரைபடம், அரெஸ்ட் மெமோ, ரிமாண்ட் ரிப்போர்ட், ஐடி பரேட் (ஆளை மத்தவங்களோட வரிசையில நிறுத்தி சாட்சியை அடையாளம் காட்டச் சொல்றது) நடவடிக்கைக் குறிப்பு, பறிமுதல் மகஜர், காயம் இருந்தா ஆஸ்பத்திரி ஆக்சிடென்ட் ரெஜிஸ்டர் காப்பி, 313 கேள்வி பதில் (குற்றம் சாட்டப்பட்டவன்கிட்ட சாட்சியத்தைப் பத்தி கோர்ட் கேட்டது), சார்ஜ், பிறகு ஜெயில்ல இருந்து கஸ்டடி சர்டிஃபிகேட் (எத்தனை நாள் உள்ள இருந்தான்ங்கிற சான்று).

கஸ்டடி சர்டிஃபிகேட்டை எல்லாரும் கடைசியிலதான் கேப்பாங்க. முதல் நாளே எழுதிப் போடுங்க, ஏன்னா தண்டனை நிறுத்தி வைக்கிற மனுவுக்கும் அதுதான் அடிப்படை, இறுதி வாதத்துக்கும் அதுதான் அடிப்படை, வர்றதுக்கு நாளாகும்.

ஜெயில் தண்டனை விதிச்சா தீர்ப்பு நகல் ஒண்ணை குற்றவாளிக்கு அங்கேயே இலவசமா குடுக்கணும், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் சிஆர்பிசி 363, இப்ப அதுக்குப் பதிலா வந்த பிஎன்எஸ்எஸ் 404. குடும்பத்துக்காரங்க நகலுக்குக் காசு கட்டி அலைஞ்சுட்டு இருப்பாங்க, இவனுக்குக் குடுத்த நகல் ஜெயில்ல பையில கிடக்கும். கேட்டுப் பாருங்க. வக்கீல் வைக்க வசதி இல்லாதவங்க ஜெயில் சூப்பிரண்டன்ட் வழியாவே அப்பீல் அனுப்பலாம், கஸ்டடியில இருக்கிறவங்களுக்கு 1987 சட்ட உதவி சட்டம் 12வது பிரிவுப்படி இலவச வக்கீல் உரிமையும் உண்டு.

2. எந்தக் கோர்ட், எத்தனை நாள்

மாஜிஸ்ட்ரேட் தண்டிச்சிருந்தா செஷன்ஸ் கோர்ட்டுக்கு. செஷன்ஸ் ஜட்ஜோ அடிஷனல் செஷன்ஸ் ஜட்ஜோ தண்டிச்சிருந்தாலும், வேற எந்தக் கோர்ட்டாவது ஏழு வருஷத்துக்கு மேல போட்டிருந்தாலும் ஐகோர்ட்டுக்கு. சிஆர்பிசி 374, பிஎன்எஸ்எஸ் 415. வெறும் 392னா ஜேஎம் (ஜுடிஷியல் மாஜிஸ்ட்ரேட்) கோர்ட்லயே முடிஞ்சிருக்கும், 397 சேர்ந்துட்டா அது செஷன்ஸ் கேஸ்.

செஷன்ஸ்க்கு 30 நாள், ஐகோர்ட்டுக்கு 60 நாள், லிமிடேஷன் சட்டம் ஆர்ட்டிக்கிள் 115. நகல் வாங்க ஆன நாளை கழிச்சுக்கலாம். தாண்டிப்போயிட்டா தாமத மன்னிப்பு மனு போடுங்க, ஜெயில்ல இருக்கிறவன் விஷயத்துல கோர்ட் ரொம்ப முரண்டு பிடிக்கிறதில்ல, ஆனா ஏன் தாமதம்னு தேதியோட எழுதணும்.

ஒரு எச்சரிக்கை. குற்றத்தை ஒத்துக்கிட்டதால தண்டனை ஆயிருந்தா, செஷன்ஸ் கோர்ட்டோ ஜேஎம் கோர்ட்டோ போட்டதுக்கு தண்டனையோட அளவு, சட்டப்படி அது சரியாங்கிற ரெண்டை மட்டும்தான் கேக்க முடியும் (சிஆர்பிசி 375, பிஎன்எஸ்எஸ் 416). அடையாளம் பத்தி பத்துப் பக்கம் எழுதியும் பிரயோஜனம் இல்ல.

3. சம்பவத் தேதியைப் பார்த்து சட்டத்தை முடிவு பண்ணுங்க

2024 ஜூலை 1க்கு முன்னாடி நடந்த சம்பவம்னா ஐபிசிதான், தீர்ப்பு எப்ப வந்திருந்தாலும் சரி. அதுக்கு அப்புறம்னா புது தண்டனைச் சட்டம் பிஎன்எஸ். வழிப்பறி 392 இப்ப 309(4), காயத்தோட வழிப்பறி 394 இப்ப 309(6), கூட்டுக்கொள்ளை 395 இப்ப 310(2), ஆயுதம் பயன்படுத்துன 397 இப்ப 311, திருட்டு நகை வெச்சிருந்தா 411 இப்ப 317(2). பறிப்புன்னு தனியா 304 புதுசா வந்திருக்கு, அதுக்கு அதிகபட்சம் மூணு வருஷம்.

இதை ஏன் மூணாவது வேலையா சொல்றேன்னா, எந்தப் பிரிவுன்னு தெரியாம சாட்சியம் படிச்சா எதைத் தேடணும்னே தெரியாது. திருட்டு வழிப்பறியா மாறுறதுக்கு திருடுறதுக்காகவோ பொருளோட தப்பிக்கிறதுக்காகவோ காயம், வழிமறிப்பு, இல்ல உடனடியா ஏதாவது ஆயிடும்ங்கிற பயம் இதுல ஒண்ணை உண்டாக்கியிருக்கணும், இல்ல உண்டாக்க முயற்சியாவது பண்ணியிருக்கணும். அந்த அம்மா சாட்சியத்துல அது இருக்கான்னு பாருங்க. "பின்னாடி இருந்து இழுத்துட்டு ஓடிட்டாங்க"ன்னு மட்டும் இருந்தா அது வழிப்பறியாங்கிறதே வாதத்துக்குரிய விஷயம்.

4. தீர்ப்பை ஓரமா வைங்க, அடையாள அட்டவணை போடுங்க

தீர்ப்பை முதல்ல படிச்சா அதுல சொல்ற கதை மண்டையில உட்கார்ந்துடும், அப்புறம் சாட்சியத்துல இல்லாததும் இருக்கிற மாதிரியே தெரியும். அதனால நடந்த வரிசையில படிங்க: எஃப்ஐஆர், மகஜர், அரெஸ்ட், ரிமாண்ட், பரேட், சீஃப் (முதல் விசாரணை), கிராஸ் (குறுக்கு விசாரணை), 313. தீர்ப்பு கடைசியில.

ஒரு பெரிய தாள் எடுத்து இடது பக்கம் எதிரிகளை, அதாவது குற்றம் சாட்டப்பட்டவங்களை, ஏ1, ஏ2, ஏ3ன்னு எழுதுங்க. மேல எஃப்ஐஆர், பரேட், சீஃப், கிராஸ்னு கட்டம். ஒவ்வொரு கட்டத்துலயும் ரெண்டே விஷயம்: ஆளைச் சொன்னாங்களா, அவன் என்ன செஞ்சான்னு சொன்னாங்களா. கண்ணால பார்த்த சாட்சி ரெண்டு பேர் இருந்தா ரெண்டு தாள், ஒரே தாள்ல கலக்காதீங்க.

நம்ம கற்பனை கேஸ்ல இப்படி வரும்னு வெச்சுக்குங்க. எஃப்ஐஆர்ல "அடையாளம் தெரியாத மூன்று நபர்கள், ஒருவன் கத்தியைக் காட்டினான்". பரேட்ல அந்த அம்மா மூணு பேரையும் தொட்டுக் காட்டுனாங்க, ஆனா யார் என்ன செஞ்சாங்கன்னு மாஜிஸ்ட்ரேட் குறிப்புல ஒரு வார்த்தை இல்ல. சீஃப்ல "ஏ1 கத்தியைக் காட்ட ஏ2 செயினை அறுத்தார்". கிராஸ்ல "பயத்தில் யார் என்ன செய்தார்கள் என்று சரியாகச் சொல்ல முடியாது". தீர்ப்புல "எதிரிகள் கத்தியைக் காட்டி". எதிரிகள்னு பன்மையில எழுதி மூணு பேருக்கும் 397 போட்டாச்சு. அட்டவணை போடாம இந்த ஓட்டை கண்ணுல படாது, ஏன்னா ஒவ்வொரு பேப்பரையும் தனித்தனியா படிச்சா எல்லாம் சரியா இருக்கிற மாதிரிதான் இருக்கும்.

5. பார்த்த சூழ்நிலையை ரெக்கார்டுல இருந்து எடுங்க

இங்கிலாந்துல 1976ல டர்ன்புல் வழக்குல கண்ணால பார்த்த அடையாளத்தை எடைபோட சில கேள்விகள் வகுத்துக் குடுத்தாங்க. நம்ம கோர்ட்டை அது கட்டுப்படுத்தாது, ஆனா வேலை செய்யறதுக்கு நல்ல பட்டியல்: எவ்வளவு நேரம் பார்த்தாங்க, எவ்வளவு தூரம், வெளிச்சம் எப்படி, நடுவுல எதாவது மறைச்சுதா, முன்னாடியே பார்த்த ஆளா, ஞாபகம் வெச்சுக்க தனிக் காரணம் இருக்கா, எத்தனை நாள் கழிச்சு அடையாளம் காட்டுனாங்க, முதல்ல சொன்ன அங்க அடையாளமும் இவன் தோற்றமும் ஒத்துப்போகுதா.

வெளிச்சம்னா பார்வை மகஜரையும் மாதிரி வரைபடத்தையும் பாருங்க. தெரு விளக்கு வெளிச்சத்துல பார்த்தேன்னு சாட்சி சொல்லுவாங்க, வரைபடத்துல கம்பமே இருக்காது. இருந்தாலும் எரிஞ்சுதான்னு யாரும் கேட்டிருக்க மாட்டாங்க. ஹெல்மெட் போட்டிருந்தாங்களா, பைக் ஹெட்லைட் கண்ணுல அடிச்சுதா, செயினை அறுத்தவன் முன்னாடி நின்னானா பின்னாடி நின்னானா, எல்லாமே கிராஸ்ல எங்கேயாவது ஒரு வரியில கிடக்கும்.

கத்தி காட்டுனா பாக்குறவங்க கண்ணு கத்தி மேலதான் போகும், முகம் சரியா பதியாதுங்கிறது மனோதத்துவக்காரங்க நல்லா ஆராய்ஞ்சு வெச்ச விஷயம். இதை வாதமா எடுக்கலாம், ஆனா ரெண்டு பக்கமும் வெட்டும். "அந்த அம்மா கத்தியையேதான் பார்த்துட்டு இருந்தாங்க"ன்னு நீங்களே சொன்னா கத்தி இருந்துச்சுன்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும், 397க்கு நீங்களே வழி விட்டீங்க. அதனால "அரசுத் தரப்பு சொல்றதை அப்படியே எடுத்துக்கிட்டாலும்"னு ஆரம்பிச்சுத்தான் இதைச் சொல்லணும்.

இன்னொண்ணு, சாட்சி உறுதியா சொல்றாங்கங்கிறதும் சரியா சொல்றாங்கங்கிறதும் வேற வேற. கோர்ட்ல வர்ற உறுதி போலீஸ் "நீங்க சரியான ஆளைத்தான் காட்டுனீங்க"ன்னு சொன்னதுக்கு அப்புறம் வந்த உறுதியா இருக்கலாம். சாட்சியை பொய்யர்னு திட்டாதீங்க, பறிகொடுத்தவங்க மேல ஜட்ஜுக்கு இயல்பாவே இரக்கம் இருக்கும். தப்பா நினைச்சுட்டாங்கன்னு சொல்லுங்க.

6. ஐடி பரேட்: நடந்திருந்தா எங்க பாக்கணும்

அடிப்படை இதுதான்: பரேட்ல காட்டுனது துணைச் சான்று மட்டும், கோர்ட்ல நின்னு காட்டுறதுதான் பிரதான சாட்சியம். 2003 மல்கான்சிங் தீர்ப்புல சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவா சொல்லியிருக்கு. பரேட்ல காட்டிட்டு கோர்ட்ல காட்டலன்னா வெறும் பரேட்டை வெச்சு தண்டிக்க முடியாது. பல ஜூனியர்ஸ் இதைத் தலைகீழா எழுதுறாங்க.

பரேட் குறிப்பை எடுத்து தேதியை முதல்ல பாருங்க. அரெஸ்ட் என்னிக்கு, பரேட் கேட்டு ஐஓ (விசாரணை அதிகாரி) மனு போட்டது என்னிக்கு, நடந்தது என்னிக்கு. தாமதம்ங்கிறதாலயே பரேட் செத்துடாது, ஆனா விளக்கம் இல்லாத தாமதம் சந்தேகத்துக்கு இடம் குடுக்கும், அதுவும் அந்த இடைவெளியில எதிரியை சாட்சி பார்க்க வாய்ப்பு இருந்துச்சுன்னா வாதம் பலமாகும்.

அடுத்து அந்த வாய்ப்பைத் தேடுங்க. ரிமாண்டுக்குக் கொண்டு வந்தப்ப முகம் மூடியிருந்ததா, பேப்பர்ல போட்டோ வந்துச்சா, ஐஓ வாட்ஸ்அப்ல படம் காட்டுனாரா, "ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டாங்க, அங்க மூணு பேரைக் காட்டுனாங்க"ன்னு சாட்சி கிராஸ்ல எங்கேயாவது சொல்லிட்டாங்களா. இந்த மாதிரி ஒரு வரி கிடைச்சா பரேட் முழுக்க அர்த்தமில்லாமப் போகும். சாட்சி ஸ்டேஷனுக்குப் போன தேதிய அரெஸ்ட் தேதியோட வெச்சுப் பாருங்க, ரெண்டும் ஒரே நாளா இருக்கிறது அடிக்கடி நடக்கும்.

பிறகு நடத்துன விதம். கூட நிறுத்துனவங்க வயசு, உயரம், தோற்றத்துல ஒத்துப்போறாங்களா, போதுமான எண்ணிக்கை இருக்கா, மூணு எதிரியையும் ஒரே வரிசையில நிறுத்திட்டாங்களா, சாட்சிகளைத் தனித்தனியா வெச்சிருந்தாங்களா, போலீஸ் பக்கத்துல நின்னாங்களா, எதிரி ஆட்சேபணை சொன்னா அதைக் குறிச்சாங்களா. தமிழ்நாட்டுல கிரிமினல் ரூல்ஸ் ஆஃப் பிராக்டிஸ்ல இதுக்கு முறை வகுத்திருக்காங்க, அதைப் பக்கத்துல வெச்சுக்கிட்டு மாஜிஸ்ட்ரேட் குறிப்பை வரி வரியா ஒப்பிடுங்க.

எதிரி பரேட்டுக்கு வரமாட்டேன்னு சொல்லியிருந்தா கொஞ்சம் சிக்கல். மறுக்க உரிமை கிடையாது, அரசியலமைப்பு ஆர்ட்டிக்கிள் 20(3) காப்பாத்தாதுன்னு 2023 முகேஷ் சிங் தீர்ப்புல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, மறுத்ததுக்கு எதிரான அனுமானமும் எடுக்கலாம். "ஏற்கனவே என்னைக் காட்டிட்டாங்க"ன்னு அப்பவே மாஜிஸ்ட்ரேட்கிட்ட சொன்னானாங்கிறதைத் தேடுங்க, அது குறிப்புல இருந்தா நிலைமை மாறும்.

7. பரேட்டே நடக்கலன்னா

"பரேட் நடத்தல, அதனால விடுதலை"ன்னு ஒரே வரியில எழுதிட்டு வர்றது ரொம்ப சாதாரணமா பாக்குற தப்பு. பரேட் நடத்தலங்கிறதாலயே கோர்ட் அடையாளம் செல்லாமப் போயிடாது. முன்னாடியே தெரிஞ்ச ஆள்னா பரேட்டே தேவையில்ல.

வாதம் இப்படி வரணும்: முன்பின் தெரியாத ஆள், எஃப்ஐஆர்ல அங்க அடையாளம் எதுவும் சொல்லல, பார்த்தது சில நொடி, மாசக்கணக்குல ஆகி கூண்டுல நிக்கிறவனைப் பார்த்து முதல் தடவையா "இவர்தான்"னு சொல்றாங்க, வேற துணைச் சான்றும் இல்ல. இந்த எல்லாம் சேர்ந்தாதான் 1979 கண்ணன் எதிர் கேரளா, 2022 அம்ரிக் சிங் எதிர் பஞ்சாப் மாதிரி தீர்ப்புகள் பொருந்தும். ஒண்ணு குறைஞ்சாலும் அரசு வக்கீல் அந்த இடத்துல பிடிச்சுக்குவார்.

8. 161 ஸ்டேட்மென்ட்ல விழாதீங்க

இதுக்கு தனி தலைப்பு போடுறதுக்குக் காரணம் இருக்கு, புதுசா வர்றவங்கள்ல பாதிப் பேர் இங்கதான் சறுக்குறாங்க. போலீஸ்கிட்ட குடுத்த 161 வாக்குமூலத்தைப் படிச்சா கோர்ட்ல சொன்னதுக்கும் அதுக்கும் மலையளவு முரண் தெரியும், உடனே அதை அப்படியே அப்பீல் காரணத்துல எடுத்து எழுதிடுவாங்க. அப்படி எழுத முடியாது.

முரண்பாடுன்னா, அந்த வரியை விசாரணையில சாட்சிக்குக் காட்டிக் கேட்டிருக்கணும், சாட்சி மறுத்தா ஐஓவை விசாரிக்கும்போது அதை நிரூபிச்சிருக்கணும். அப்பத்தான் அது சாட்சியம். ஐஓ கிராஸ்ல "அ.சா.1 (அரசுத் தரப்பு முதல் சாட்சி) என்னிடம் கத்தி வைத்திருந்தவரின் அடையாளம் கூறவில்லை என்றால் சரிதான்"னு ஒரு வரி இருக்கான்னு தேடுங்க. இருந்தா தங்கம். இல்லன்னா விட்டுடுங்க, ஜட்ஜ் "எங்க ப்ரூவ் ஆயிருக்கு?"ன்னு கேட்டா பதில் இருக்காது, அதுக்கப்புறம் சொல்ற நல்ல பாயின்ட்டும் எடுபடாது.

எஃப்ஐஆர் கதை வேற. அதைக் குடுத்தவங்களே கோர்ட்ல மார்க் பண்ணியிருப்பாங்க, ஆனா அங்கேயும் விட்டுப்போனதை சாட்சிக்கிட்ட கேட்டிருந்தாத்தான் வலு.

9. அடையாளம் விழுந்தாலும் மிச்சம் என்ன நிக்குது

அடையாளத்தை உடைச்சுட்டோம்னு சந்தோஷப்பட்டு நிறுத்திடாதீங்க. அரசுத் தரப்புக்கு ரெண்டாவது கால் ரெகவரி. எதிரி சொல்லி செயின் கிடைச்சதுன்னா பழைய எவிடன்ஸ் ஆக்ட் 27, புது சாட்சியச் சட்டம் பிஎஸ்ஏல 23ஓட ப்ராவைசோ (விதிவிலக்கு வரி). திருடின கொஞ்ச நாள்லயே பொருள் கையில இருந்தா திருடனா இருக்கலாம், இல்ல தெரிஞ்சே வாங்கினவனா இருக்கலாம்னு கோர்ட் அனுமானிக்கலாம்.

பாக்க வேண்டியது: வாக்குமூலம் முழுசையும் மார்க் பண்ணிட்டாங்களா, ஏன்னா பொருள் கிடைக்கக் காரணமான பகுதி மட்டும்தான் செல்லும். மகஜர் சாட்சி பிறழ்சாட்சி ஆயிட்டாரா. செயின் முழுசா கிடைச்சுதா உருக்கின கட்டியா கிடைச்சுதா, கட்டின்னா அது அந்த அம்மாவோட செயின்னு எப்படிச் சொல்ல முடியும். யார்கிட்ட இருந்து எடுத்தாங்க, ஏ1 சொல்லி எடுத்ததை ஏ3 தலையில கட்டிட்டாங்களா.

சிசிடிவி இருந்தா எலக்ட்ரானிக் சான்றுக்கான 65பி சர்டிஃபிகேட், இப்ப பிஎஸ்ஏ 63, இருக்கான்னு பாருங்க. பரேட்டையோ ரெகவரியையோ 313 கேள்வியில எதிரிகிட்ட கேட்டாங்களாங்கிறதும் பாருங்க, கேக்கலன்னா அது தனி காரணம்.

ரெகவரி மட்டும் நின்னு அடையாளம் விழுந்தா, தாமதமான ரெகவரியில 411க்கு மாத்தச் சொல்லிக் கேக்கலாம். அதிகபட்சம் மூணு வருஷம். ஏற்கனவே அவ்வளவு நாள் உள்ள இருந்திருந்தா ஆள் வெளிய வந்துடுவான்.

10. 397: ஒவ்வொருத்தனையும் தனியா நிறுத்துங்க

அட்டவணையோட ரெண்டாவது பாதிக்கு இப்பத்தான் வேலை. 397 தனிக் குற்றம் இல்ல, வழிப்பறியிலயோ கூட்டுக்கொள்ளையிலயோ ஒருத்தன் கொடிய ஆயுதத்தைப் பயன்படுத்துனா, கொடுங்காயம் உண்டாக்குனா, இல்ல கொல்லவோ கொடுங்காயம் உண்டாக்கவோ முயற்சி பண்ணுனா ஏழு வருஷத்துக்குக் குறையக் கூடாதுன்னு சொல்ற பிரிவு. அங்க "குற்றவாளி"ங்கிறது ஆயுதத்தைப் பயன்படுத்துன அந்த ஆளை மட்டும். 1975 பூல் குமார், 2007 திலாவர் சிங் ரெண்டு தீர்ப்புலயும் சுப்ரீம் கோர்ட் இதைச் சொல்லியிருக்கு, பொது நோக்கத்துக்கான 34வது பிரிவை வெச்சு மத்தவங்க மேல நீட்ட முடியாது.

அதே பூல் குமார் தீர்ப்புல எதிர்ப்பக்கத்துக்கும் ஒண்ணு இருக்கு: பயம் வர்ற மாதிரி ஆயுதத்தைக் கண்ணுல படும்படி வெச்சிருந்தாலே பயன்படுத்துன மாதிரிதான், குத்தியிருக்கணும்னு அவசியமில்ல. அதனால "காயம் இல்ல, அதனால 397 இல்ல"ன்னு எழுதாதீங்க.

394ஐ இதோட குழப்பிக்காதீங்க. காயம் உண்டாக்குனவனோட சேர்ந்து வழிப்பறியில ஈடுபட்ட எல்லாரும்னு அந்தப் பிரிவுலயே எழுதியிருக்கு, அங்க தனித்தனியா பிரிக்கிற வாதம் எடுபடாது.

நம்ம கேஸுக்கு வாங்க. வண்டியை விட்டு இறங்காத ஏ3க்கு 397 எந்த வகையிலயும் வராது. செயின் அறுத்த ஏ2க்கும் வராது. ஏ1க்கு? கிராஸ்ல "யார் என்ன செய்தார்கள் என்று சொல்ல முடியாது"ன்னு சாட்சியே சொன்னதுக்கு அப்புறம் கத்தி ஏ1 கையில இருந்துச்சுன்னு சந்தேகத்துக்கு இடமில்லாம எப்படிச் சொல்றது? கத்தி இருந்திருக்கலாம், யார் கையிலங்கிறது நிரூபணம் ஆகல. மூணு பேருக்கும் 397 போனா மிஞ்சுறது 392 மட்டும், அதுல குறைஞ்சபட்சம்னு எதுவும் இல்ல.

மூணு பேருக்கும் ஒரே வக்கீல்னா இங்க ஒரு தர்மசங்கடம் வரும். ஏ3யைக் காப்பாத்த "கத்தி ஏ1 கையிலதான் இருந்துச்சு"ன்னு சொல்ல வேண்டி வரும். அப்படி ஒரு நிலைமை தெரிஞ்சா வக்காலத்து வாங்கும்போதே பிரிச்சுடுங்க.

11. தண்டனை: முதல்ல கணக்கு, அப்புறம் கருணை

குடும்பக் கஷ்டத்தை கடைசியில எழுதுங்க. முதல்ல கணக்கு.

வயசு. சம்பவத் தேதியில 18 முடிஞ்சிருந்ததா? முடியலன்னா சிறார் நீதிச் சட்டம் 2015, பிரிவு 9(2)படி எந்தக் கட்டத்துலயும், அப்பீல்லயும், சொல்லலாம். ஸ்கூல் சர்டிஃபிகேட் பிறந்த தேதியை ஒரு தடவை பாக்குறதுக்கு அஞ்சு நிமிஷம்தான், பலரும் பாக்குறதில்ல.

அதிகபட்சம். 392க்கு பத்து வருஷம், ஹைவேஸ்ல சூரியன் மறைஞ்சு உதிக்கிறதுக்குள்ள நடந்தா 14. அந்த 14ஐ எடுத்திருந்தா அந்த ரோடு ஹைவேஸ்தான்னு சாட்சியம் இருக்கான்னு பாருங்க.

அபராதம் கட்டாததுக்குப் போட்ட ஜெயில். அந்தக் குற்றத்தோட அதிகபட்சத்துல நாலுல ஒரு பங்கைத் தாண்டக் கூடாது. அதுவும் தவிர விசாரணைக் கைதியா இருந்த நாளை இதுல கழிக்க முடியாது, அதனால அபராதத்தைக் கட்ட வெச்சுடுறதுதான் நல்லது.

விசாரணைக் காவல் கழிவு. சிஆர்பிசி 428, பிஎன்எஸ்எஸ் 468. தீர்ப்புல எழுத மறந்திருந்தா அதையே ஒரு காரணமா எழுதுங்க. நிறைய கேஸ் உள்ள ஆள்னா பிடி வாரண்ட்ல (ஜெயில்ல இருக்கிறவனை வேற கேஸுக்குக் கொண்டு வர்ற உத்தரவு) இந்தக் கேஸ்ல ஃபார்மல் அரெஸ்ட் காட்டின தேதி என்னன்னு பாருங்க, இந்தக் கேஸ் கஸ்டடி அன்னிக்குத்தான் ஆரம்பிக்குது.

வேற கேஸ்ல ஏற்கனவே தண்டனை அனுபவிக்கிறவன்னா, ஏககாலத்துல அனுபவிக்கணும்னு கோர்ட் சொல்லலன்னா ஒண்ணு முடிஞ்சுதான் இன்னொண்ணு ஆரம்பிக்கும் (427, பிஎன்எஸ்எஸ் 467). நாலு செயின் பறிப்பு கேஸ்ல மும்மூணு வருஷம்னா பன்னெண்டு வருஷம் ஆயிடும். அப்பீல்லயே இதைக் கேளுங்க, முந்தின தீர்ப்பு நகல்களை இணைச்சு.

பழைய தண்டனை இருக்குன்னு சொல்லி அதிகமா போட்டிருந்தா, ஐபிசி 75ல சார்ஜ் போட்டு நிரூபிச்சாங்களான்னு பாருங்க. "இவர் மேல பல வழக்குகள் நிலுவையில்"னு ஐஓ சொன்னது தண்டனை இல்ல, நிலுவைதான்.

தண்டனை பத்தி எதிரியைக் கேட்டாங்களா, செஷன்ஸ்ல 235(2), மாஜிஸ்ட்ரேட் வாரண்ட் கேஸ்ல 248(2). ரெண்டு வரியில முடிச்சிருந்தா அங்க அவன் சொல்லாம விட்ட விஷயங்களை அப்பீல்ல பத்திரமா வையுங்க.

நன்னடத்தைச் சட்டம் 1958ஐ சொல்றதுக்கு முன்னாடி பிரிவைப் பாருங்க, ஆயுள் தண்டனை போடக்கூடிய குற்றத்துக்கு நன்னடத்தை பாண்ட்ல விடுற பிரிவு 4 கிடையாது. 392க்கு கேக்கலாம், 394க்கு முடியாது.

இதுக்கப்புறம் கருணை: முதல் குற்றம், வயசு, பொருள் திரும்பக் கிடைச்சது, காயம் இல்லாதது, ஜெயில்ல நடத்தை, சம்பவம் நடந்து ஆன வருஷங்கள். ஒவ்வொண்ணுக்கும் ஒரு பேப்பர் இருக்கணும். 397 நின்னுடுச்சுன்னா ஏழுக்குக் கீழ இறங்க கோர்ட்டுக்கே அதிகாரம் இல்ல, எவ்வளவு அழுதாலும், அதனாலதான் பத்தாவது படியை இவ்வளவு நீட்டிச் சொன்னேன்.

12. காரணங்களையும் வேண்டுதலையும் எழுதுறது

தண்டனையைக் குறைக்கக் கேட்டா குற்றத்தை ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடுமேன்னு பயந்து பலர் அதை எழுதவே மாட்டாங்க. ஆகாது. முதல் வேண்டுதல் விடுதலை. அதுக்கு மாற்றா 397ல இருந்து விடுவிச்சு 392ஓட நிறுத்தறது. அதுக்கும் மாற்றா அனுபவிச்ச காலத்தோட முடிக்கிறது. மாற்றாங்கிற வார்த்தை கண்டிப்பா இருக்கட்டும்.

எதிரி போட்ட அப்பீல்ல தண்டனையை ஏத்த முடியாது (சிஆர்பிசி 386, பிஎன்எஸ்எஸ் 427). ஆனா அரசு தனியா அப்பீல் போட்டு ஏத்தச் சொல்லலாம். இதைக் குடும்பத்துக்கு முன்னாடியே சொல்லி வைங்க.

அப்பீலோட தண்டனை நிறுத்தி வைக்கிற மனுவையும் (389, பிஎன்எஸ்எஸ் 430) சேர்த்தே போடுங்க. அந்த மனுவுல முழு வாதத்தையும் கொட்டாதீங்க, அட்டவணையில கிடைச்ச மிகப் பெரிய ஓட்டை ஒண்ணு, கஸ்டடி நாள் கணக்கு, அப்பீல் வர எவ்வளவு நாளாகும்ங்கிறது, போதும்.

13. வாதத்தன்னிக்கு

அட்டவணையை ஒரே பக்கத்துல சுத்தமா டைப் பண்ணி, ஒவ்வொரு கட்டத்துலயும் டைப்டு செட் (டைப் பண்ணின கேஸ் பேப்பர் தொகுப்பு) பக்க எண்ணோட ஜட்ஜ்கிட்ட குடுங்க. ஜட்ஜ் கையில அந்தத் தாள் இருந்தா கேள்வி அதுல இருந்துதான் வரும், நீங்க தயாரா இருக்கிற இடத்துல இருந்து.

அடையாளத்துல ஆரம்பிங்க, ரெகவரிக்குப் போங்க, 397க்குப் போங்க, தண்டனையில முடிங்க. முதல் பாயின்ட்ல ஜட்ஜ் முகம் மாறலன்னா அங்கேயே மாரடிக்காம அடுத்ததுக்கு நகருங்க.

உத்தரவு வந்ததும் வேலை முடிஞ்சுடல. தண்டனை குறைஞ்சிருந்தா திருத்தின வாரண்ட் விசாரணைக் கோர்ட் வழியா ஜெயிலுக்குப் போகணும், அதுல பிரிவும் வருஷமும் கழிவு நாளும் உத்தரவுல இருக்கிற மாதிரியே ஏறியிருக்கான்னு நகலை வெச்சு ஒப்பிட்டுப் பாருங்க, தப்பு இருந்தா அன்னிக்கே திருத்த மனு போடுங்க.